நீதிமன்றக் கட்டளைகளும் நமது இரட்டை அளவுகோலும்

2018ஆம் ஆண்டு ஜூன் 29ஆம் திகதி கொழும்பில் மேன்முறையீட்டு நீதிமன்றம் ஓர் இடைக்காலக் கட்டளையைப் பிறப்பித்தது. வடக்கு மாகாண அமைச்சர் பா. டெனீஸ்வரனைப் பதவியிலிருந்து நீக்கி முதலமைச்சர் சி.வி. விக்னேஸ்வரன் எடுத்த முடிவு செயற்படாது நிறுத்தி வைக்கப்படுகின்றது என்பதே அக்கட்டளையின் சாரம். அதன் பின் கைதடியில் நடந்தவையும் நடவாதவையும் சில வாரங்களுக்குள் நீதிமன்ற அவமதிப்பு மனுவாக அதே நீதிமன்றத்துக்குத் திரும்பிச் சென்றன. உயர் நீதிமன்ற நீதியரசராக இருந்து 2004இல் ஓய்வு பெற்ற ஒருவர், நீதிமன்றக் கட்டளையை நடைமுறைப்படுத்தவில்லை என்ற குற்றச்சாட்டுக்குப் பதிலளிக்க நீதிமன்றத்துக்கு அழைக்கப்பட்டார்.

அக்குற்றச்சாட்டு சரியா தவறா என்று தீர்ப்பளிப்பது நமது நோக்கமன்று. முதலமைச்சர் வேண்டுமென்றே கட்டளையை மீறினார் என்று நாம் எழுதவும் இல்லை. ஆயினும் அந்த விவகாரத்தில் நமது அரசியலும் நமது பத்திரிகைகளும் நமது மக்களும் நடந்துகொண்ட விதம் பற்றி இன்று ஆறுதலாக அமர்ந்து பேச வேண்டியிருக்கின்றது. ஏனெனில் நீதிமன்றக் கட்டளை என்பது வடக்கு, கிழக்கில் வாழும் தமிழருக்கும் முஸ்லிம்களுக்கும் வெறும் சட்டப் புத்தக விடயமன்று. காணி போனாலும், பிள்ளை காணாமற்போனாலும், கோயிலடியில் அயலார் கட்டடம் எழுப்பினாலும், பள்ளிவாசலுக்குக் கல் விழுந்தாலும் நாம் இறுதியாகப் போய் நிற்கும் இடம் நீதிமன்றப் படிக்கட்டுத்தான்.

முதலில் நடந்ததைச் சுருக்கமாக நினைவூட்டுவோம். 2013 செப்ரெம்பர் தேர்தலில் 38 ஆசனங்களில் 30ஐத் தமிழ்த் தேசியக் கூட்டமைப்பு பெற்றது. நாலு அமைச்சர்களுடன் விக்னேஸ்வரன் ஆட்சியமைத்தார். அமைச்சர்கள் மீது எழுந்த முறைப்பாடுகளை ஆராய அவரே ஒரு விசாரணைக் குழுவை நியமித்தார். அதன் அறிக்கை வந்த பின் 2017 ஜூனில் கூட்டமைப்புக்குள் பெரும் பிளவு வெடித்தது. முதலமைச்சர் மீது நம்பிக்கையில்லாப் பிரேரணை ஆளுநரிடம் கையளிக்கப்பட்டு, பின்னர் கைவிடப்பட்டது. இரு அமைச்சர்கள் பதவி விலகினர். ஓகஸ்டில் டெனீஸ்வரன் நீக்கப்பட்டார். அவரது கட்சியான ரெலோவும் அவ்வேளை அவருடன் முரண்பட்டிருந்தது. புதிய அமைச்சர்கள் பதவியேற்றனர். நீக்கப்பட்டவர் நீதிமன்றம் சென்றார்.

அவர் எழுப்பிய கேள்வி எளிமையானது. மாகாண அமைச்சரை நீக்கும் அதிகாரம் யாருக்கு உண்டு? அரசியலமைப்பின் 154 எஃப் உறுப்புரை, முதலமைச்சரின் ஆலோசனையின் பேரில் ஆளுநர் ஏனைய அமைச்சர்களை நியமிப்பார் என்று சொல்கின்றது. நீக்குவது பற்றி அங்கே ஒரு சொல்லும் இல்லை. அதே உறுப்புரை இன்னொன்றையும் சொல்கின்றது: முதலமைச்சர் தவிர நால்வருக்கு மேல் அமைச்சர் இருத்தலாகாது. சிக்கல் இந்த இரண்டாவது வரியிலேதான் முற்றியது. டெனீஸ்வரனின் நீக்கம் நிறுத்தி வைக்கப்பட்டால் அவர் அமைச்சர். அவருக்குப் பின் வந்தவர்களும் அமைச்சர்கள். அப்படியாயின் முதலமைச்சரோடு சேர்த்து அமைச்சர் சபையில் அறுவர். அரசியலமைப்பு அனுமதிப்பதோ ஐவரை. எனவே எவரோ ஒருவர் வெளியேற வேண்டும். யார் அவர், அவரை வெளியேற்றுவது யார் என்ற கேள்விக்கு ஜூலை முழுவதும் விடை கிடைக்கவில்லை.

யார் வெளியேறுவது என்று முதலமைச்சரே தமக்கு அறிவிக்க வேண்டும் என்பது ஆளுநர் றெஜினோல்ட் கூரேயின் நிலை. அமைச்சரை நியமித்து வர்த்தமானியில் அறிவிப்பது ஆளுநரின் பணி. கட்டளையைச் செயற்படுத்த வேண்டியவரும் அவரே என்பது முதலமைச்சர் தரப்பின் நிலை. பந்து சுண்டுக்குளியிலிருந்த ஆளுநர் செயலகத்துக்கும் கைதடிக்கும் இடையே உருண்டுகொண்டிருந்தது. அந்நாட்களில் மாகாண சபையின் அமர்வுகளைக் கேட்டிருந்தவர்களுக்கு ஒன்று விளங்கியிருக்கும்: அங்கே பேசிய எவரும் மக்களின் வீதிகளைப் பற்றியோ மீனவரின் இறங்குதுறைகளைப் பற்றியோ பேசவில்லை. யார் அமைச்சர் என்பதே பேச்சு.

இதில் ஒரு விந்தையும் உண்டு. நீக்கும் அதிகாரம் ஆளுநருக்கே உரியது, முதலமைச்சருக்கன்று என்பதே வழக்காளியின் வாதம். கட்டளையை நிறைவேற்ற வேண்டியவர் ஆளுநரே என்று முதலமைச்சர் தரப்பு சொன்னபோது, தம்மை எதிர்த்தவரின் வாதத்துக்கே அது வலுச்சேர்த்தது. சட்டத்தில் ஆழ்ந்த ஒருவருக்கு இது தெரியாதிருந்திருக்காது.

விக்னேஸ்வரன் தரப்பில் நியாயமே இல்லை என்று சொல்லிவிட முடியாது. மக்கள் வாக்களித்துத் தெரிந்த முதலமைச்சர் தம்முடைய அமைச்சரவையைத் தாமே அமைக்க முடியாமல், கொழும்பினால் நியமிக்கப்பட்ட ஆளுநரின் கையெழுத்துக்குக் காத்திருக்க வேண்டும் என்றால் அதில் என்ன மாகாண சுயாட்சி என்ற கேள்வி கனமானது. 13ஆவது திருத்தத்தின் பிறவிக் குறையே அது. இந்தக் குறையை மேடை மேடையாகச் சுட்டிக்காட்டி வந்தவர்கள் நாமே. ஆனால் அந்தக் கேள்வியை எழுப்புவதற்கு ஓர் இடமும் முறையும் உண்டு. இடைக்காலக் கட்டளை தவறானது என்று கருதுபவர் உயர் நீதிமன்றம் செல்லலாம், அவர் சென்றார். ஆனால் மேன்முறையீடு செய்வதனாலேயே ஒரு கட்டளை உறங்கிவிடுவதில்லை. மேல் நீதிமன்றமொன்று அதை நிறுத்தி வைக்கும்வரை அது கட்டளைதான். பிழையான கட்டளையும் அதுவரை கட்டளையே. யாழ்ப்பாண நீதிமன்ற வளாகத்தில் ஒரு வருடம் பழகிய இளம் சட்டத்தரணியும் இதை அறிவார்.

காலம் யாருக்கும் காத்திருக்கவில்லை. 2018 ஒக்ரோபரில் மாகாண சபையின் ஐந்தாண்டுப் பதவிக் காலம் முடிந்தது. வழக்கின் தீர்ப்பு 2019 ஓகஸ்ட் 5ஆம் திகதி வந்தது. டெனீஸ்வரனை நீக்கியது சட்டத்துக்கு முரணானது, அமைச்சரை நீக்கும் அதிகாரம் முதலமைச்சருக்கு இல்லை என்று மேன்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. வென்றவர் திரும்பிச் சென்று அமர்வதற்கு அப்போது கைதடியில் ஆசனம் இல்லை, சபையே இல்லை. ஒன்பது மாதங்களுக்கு முன்பே கதவு சாத்தப்பட்டிருந்தது. கட்டளை பிறந்த நாளிலிருந்து சபை கலைந்த நாள்வரை நான்கு மாதங்கள். அந்த நான்கு மாதங்களில் கட்டளை முழுமையாகச் செயற்பட்டிருந்தால் தீர்ப்புக்கு ஒரு பயன் இருந்திருக்கும். இடைக்கால நிவாரணம் என்பதன் பொருளே அதுதானே!

அக்காலத்தில் நம்மிடையே எழுந்த குரல்களை இப்போது நினைத்துப் பார்த்தால் கூச்சமாக இருக்கின்றது. தமிழ்த் தலைவரை அவமானப்படுத்தும் கொழும்பின் சதி என்றார்கள் ஒரு சாரார். எதிரணியினரோ கட்டளையின் நியாயத்தை விளக்குவதை விட்டுவிட்டு, ஒரு முன்னாள் நீதியரசர் கூண்டில் நிற்கப்போகும் காட்சியை எண்ணி மகிழ்ந்தார்கள். இரு சாராருக்கும் கட்டளை என்பது கையில் அகப்பட்ட பொல்லு. நீதிமன்றம் சொன்னதைச் செய்யுங்கள், பிறகு வாதாடுங்கள் என்று சொல்ல முன்வந்தவர்கள் மிகச் சிலரே. அச்சிலரும் கட்சி மாறியவர்கள் என்று பட்டம் சூட்டப்பட்டார்கள்.

அந்த மனு நிலுவையிலிருந்த ஒரு வருட காலத்துக்குள் இன்னொரு திசையிலிருந்து வந்த செய்திகளை எடுத்துக்கொள்வோம். 2018 ஓகஸ்ட் 8ஆம் திகதி அதே மேன்முறையீட்டு நீதிமன்றம் பொதுபல சேனாவின் செயலாளர் ஞானசார தேரருக்கு நீதிமன்ற அவமதிப்புக்காக ஆறு ஆண்டுகள் சிறை விதித்தது. ஊடகவியலாளர் பிரகீத் எக்னலிகொட காணாமலாக்கப்பட்ட வழக்கில், 2016 ஜனவரியில் ஹோமாகம நீதவான் நீதிமன்றத்துக்குள் அவர் நடந்துகொண்ட விதமே குற்றம். தீர்ப்பைக் கேட்டு முஸ்லிம் மக்களும் தமிழ் மக்களும் இந்த நாட்டில் நீதி முற்றாகச் செத்துவிடவில்லை என்று பெருமூச்சு விட்டார்கள். அந்தப் பெருமூச்சு பத்து மாதம் நீடிக்கவில்லை. உயிர்த்த ஞாயிறுத் தாக்குதலுக்கு ஒரு மாதத்தின் பின், குருநாகல் மாவட்டத்திலும் மினுவாங்கொடையிலும் முஸ்லிம்களின் கடைகளும் பள்ளிவாசல்களும் தாக்கப்பட்டு இரண்டு வாரம்கூடச் சரியாகக் கழியாத வேளையில், 2019 மே மாதம் ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன அவருக்குப் பொதுமன்னிப்பு வழங்கினார்.

நான்கு மாதங்கள் கழிந்தன. முல்லைத்தீவு செம்மலையில் நீராவியடிப் பிள்ளையார் கோயில். அங்கே விகாரை அமைத்திருந்த பௌத்த பிக்கு ஒருவர் நோயினால் காலமானார். அவரது உடலைக் கோயிலடியில் எரிக்கக் கூடாது, வேறோர் இடத்தில் தகனம் செய்ய வேண்டும் என்று முல்லைத்தீவு நீதிமன்றம் 2019 செப்ரெம்பர் 23ஆம் திகதி கட்டளையிட்டது. மை காயுமுன்னரே கோயிலின் தீர்த்தக் கேணியருகே சிதை மூட்டப்பட்டது. அந்தக் கூட்டத்தில் ஞானசார தேரரும் இருந்தார். கட்டளையை எடுத்துச் சொன்ன சட்டத்தரணி தாக்கப்பட்டார். பொலிஸார் அங்கே இருந்தார்கள். மறுநாள் வடக்கின் சட்டத்தரணிகள் பணிப்புறக்கணிப்புச் செய்தார்கள். மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு அவமதிப்பு மனு சென்றது. மனு செல்லலாம், தவணைகள் போகலாம். எரிந்த உடலின் சாம்பல் கேணியடியில் கிடந்தது. கட்டளை காக்க முயன்றது எதையோ அது ஒரு மாலைப்பொழுதில் இல்லாமற் போயிற்று.

குருந்தூர்மலையில் இதே கதை நீண்டகாலம் நடந்தது. புதிய கட்டுமானங்கள் வேண்டாம் என்று முல்லைத்தீவு நீதிமன்றம் 2022இல் கட்டளையிட்ட பின்னரும் வேலைகள் தொடர்கின்றன என்ற முறைப்பாடு திரும்பத் திரும்ப மன்றுக்கு வந்தது. நீதிபதி ரீ. சரவணராஜா மலைக்கு நேரிலே சென்று பார்த்தார். பாராளுமன்றத்துக்குள்ளேயே அவருக்கு எதிராகப் பேசப்பட்டது. 2023 செப்ரெம்பரில் உயிர் அச்சுறுத்தலைக் காரணங்காட்டிப் பதவியைத் துறந்து அவர் நாட்டை விட்டு வெளியேறினார். கட்டளையை மீறியவர் நாட்டில் இருக்க, கட்டளையிட்டவர் வெளியேறிய நிகழ்வு அது. வடக்கு, கிழக்கு எங்கும் சட்டத்தரணிகளும் பொதுமக்களும் வீதிக்கு இறங்கினார்கள். நீதிமன்றக் கட்டளைக்கு மதிப்புக் கொடு என்று நாம் பதாகை ஏந்தினோம். நியாயமான பதாகை. ஆனால் ஐந்து ஆண்டுகளுக்கு முன் கைதடியில் அதே பதாகையை நாம் ஏந்தவில்லை என்பதையும் யாரோ ஒருவர் எழுதத்தானே வேண்டும்.

சட்டத்தின் பக்கம் வருவோம். இலங்கையில் நீதிமன்ற அவமதிப்புக்கென்று பல பத்தாண்டுகளாக ஒரு தனிச் சட்டமே இருக்கவில்லை. எது அவமதிப்பு, என்ன தண்டனை, எத்தனை காலம் என்பனவெல்லாம் உயர் நீதிமன்றத்தினதும் மேன்முறையீட்டு நீதிமன்றத்தினதும் விருப்பத்துக்கு விடப்பட்டிருந்தன. அரசியலமைப்பின் 105ஆம் உறுப்புரை அவற்றுக்கு அந்த அதிகாரத்தைக் கொடுத்தது, வரம்பைச் சொல்லவில்லை. அந்த வரம்பில்லா அதிகாரம் எங்கே பாய்ந்தது? பெரும்பாலும் சொற்கள் மீது. 2003இல் தன் வழக்கைத் தானே பேசிய ஒரு சாதாரண மனிதர், மன்றில் குரலை உயர்த்தியதற்காக ஓராண்டு சிறை சென்றார். அவரது உரிமை மீறப்பட்டது என்று ஐக்கிய நாடுகளின் மனித உரிமைகள் குழு 2005இல் கண்டது. 2004 டிசெம்பரில் எஸ்.பி. திசாநாயக்க ஒரு கூட்டத்தில் பேசிய பேச்சுக்காக இரண்டு ஆண்டுகள் கடூழியச் சிறை. 2021 ஜனவரியில் ரஞ்சன் ராமநாயக்க, நீதிபதிகளைப் பற்றிச் சொன்ன ஒரு வாக்கியத்துக்காக நான்கு ஆண்டுகள். வாயால் அவமதித்தவர்களின் வழக்கு விரைந்து முடிந்தது, தண்டனையும் கடுமையாக வந்தது. கையால் அவமதித்தவர்கள், அதாவது கட்டளையைச் செய்யாமல் விட்டவர்கள், தவணை மேல் தவணை வாங்கினார்கள்.

நமது கருத்தில் இதுவே இந்த நாட்டின் அவமதிப்புச் சட்டத்தின் தலைகீழ் நிலை. நீதிபதியைப் பற்றி யாரோ எதையோ சொன்னால் நீதிமன்றத்துக்கு என்ன குறைந்துவிடும்? நல்ல தீர்ப்பு ஒன்று அந்தச் சொல்லை விழுங்கிவிடும். ஆனால் காணியை விடு என்ற கட்டளைக்கு முகாம் வேலி அசையாமல் நின்றால், ஆளைக் கொண்டுவா என்ற கட்டளைக்கு எவரும் அசையாவிட்டால், அந்தக் கட்டளையை நம்பி வந்த விதவைக்கு எதுவும் மிஞ்சுவதில்லை. கீழ்ப்படியாமையே உண்மையான அவமதிப்பு. மற்றவை பெரும்பாலும் மனவருத்தம்.

இன்னும் ஓர் உதாரணம் போதும். அது யாழ்ப்பாணத்தையும் கொழும்பையும் ஒன்றுபோலத் தொட்டது. 2023இல் உள்ளூராட்சித் தேர்தலுக்கு ஒதுக்கிய நிதியைத் தடுத்து வைக்க வேண்டாம் என்று உயர் நீதிமன்றம் அவ்வாண்டு மார்ச் 3ஆம் திகதி திறைசேரிச் செயலாளருக்கு இடைக்காலக் கட்டளையிட்டது. பணம் வரவில்லை, தேர்தலும் வரவில்லை. பாராளுமன்றத்தின் சிறப்புரிமையை நீதிமன்றம் மீறிவிட்டது என்று ஆளுந்தரப்பில் குரல் எழுந்தது. மார்ச் 19ஆம் திகதியுடன் யாழ்ப்பாண மாநகர சபை உட்பட நாடெங்கும் சபைகள் கலைந்தன. குப்பை அள்ளுவதற்கும் தெருவிளக்குப் போடுவதற்கும் மக்கள் தெரிந்தெடுத்த ஒருவரும் இல்லாமல் ஆணையாளர்களும் செயலாளர்களும் இரண்டு ஆண்டுகளுக்கு மேல் ஆண்டார்கள். தேர்தலை நடத்தாதது அடிப்படை உரிமை மீறல் என்ற தீர்ப்பு 2024 ஓகஸ்ட் 22இல் வந்தது. வாக்குப்பெட்டி வந்தது 2025 மே 6இல். உயர் நீதிமன்றத்தின் கட்டளைக்கே இந்தக் கதியென்றால், முல்லைத்தீவில் ஒரு நீதவானின் கட்டளைக்கு என்ன கதி என்று கேட்டுத்தான் ஆக வேண்டுமா?

பாக்குநீரிணைக்கு அப்பாலும் நிலைமை பெரிதாக வேறுபடவில்லை. ஒரு முதலமைச்சர் நீதிமன்ற அவமதிப்புக்காகத் தண்டிக்கப்பட்ட மிகப் பெரிய வழக்கு அங்கேதான் நடந்தது. அயோத்தியில் அரசு எடுத்த காணியில் நிரந்தரக் கட்டுமானம் எதுவும் கூடாது என்ற கட்டளை மீறப்பட்டு 1992 ஜூலையில் அங்கே மேடை எழும்பியது. உத்தரப்பிரதேச முதலமைச்சர் கல்யாண் சிங் அதற்காக 1994 ஒக்ரோபர் 24ஆம் திகதி இந்திய உச்ச நீதிமன்றத்தால் குற்றவாளியாகக் காணப்பட்டார். தண்டனை ஒரு நாள் சிறையும் 2,000 ரூபா அபராதமும். 1992 டிசெம்பர் 6ஆம் திகதி பள்ளிவாசலே இடிக்கப்பட்டது தொடர்பான அவமதிப்பு வழக்குகள் முப்பது ஆண்டுகள் அப்படியே கிடந்து, 2022 ஓகஸ்டில், இனி விசாரிக்க எதுவுமில்லை என்று மூடப்பட்டன. அதற்குள் அவரே காலமாகியிருந்தார். நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை நம்பியிருந்த முஸ்லிம்களுக்கு அந்த ஒரு நாள் சிறை எப்படித் தோன்றியிருக்கும் என்பதை நமது முஸ்லிம் வாசகர்களுக்கு நாம் விளக்க வேண்டியதில்லை. நீராவியடியைப் பார்த்த தமிழ் வாசகருக்கும் அது இப்போது விளங்கும்.

விளங்க வேண்டும் என்று சொல்வதற்குக் காரணம் உண்டு. ஏனெனில் நாமே மறுபுறம் நின்ற ஒரு நாளும் இருக்கின்றது. திருகோணமலையில் ஓர் இந்து மகளிர் கல்லூரிக்கு அபாயா அணிந்து வந்த முஸ்லிம் ஆசிரியைகளுக்கு எதிராக 2018இல் போராட்டம் நடந்தது. அவர்கள் வேறு பாடசாலைகளுக்கு மாற்றப்பட்டார்கள். அவர்களில் ஒருவர் மேன்முறையீட்டு நீதிமன்றம் சென்றார். கல்வி அமைச்சு அவரை அதே பாடசாலையில் மீளச் சேர்க்க உடன்பட்டது. அந்த உடன்பாட்டை நம்பி 2022 பெப்ரவரி 2ஆம் திகதி கடமையேற்கச் சென்றபோது அங்கே எதிர்ப்பும் கைகலப்பும் மூண்டன. இருதரப்பிலும் வைத்தியசாலை செல்லும் நிலை ஏற்பட்டது. ஒரு பெண் ஆசிரியை என்ன உடுத்த வேண்டும் என்பது பற்றி நம்மவரிடையே பலவித கருத்துகள் இருக்கலாம். பாடசாலையின் மரபு பற்றிய கவலையும் மதிக்கத்தக்கதே. ஆனால் நீதிமன்றத்தில் எட்டப்பட்ட ஒரு முடிவோடு வாசலுக்கு வந்தவரை வாசலில் மறிப்பதற்கும், நீதிமன்றக் கட்டளையோடு கோயிலடிக்கு வந்த சட்டத்தரணியை மறிப்பதற்கும் எவ்வளவு தூரம்? திருகோணமலைக்கும் செம்மலைக்கும் இடையில் உள்ள தூரம் மட்டுமே என்று சொல்ல நமக்கு மனம் வராது. ஆனால் வேறு பதிலும் எளிதில் கிடைக்கவில்லை.

முஸ்லிம் சமூகத்துக்கும் கசப்பான கட்டளை ஒன்று வந்ததுண்டு. 1990 ஒக்ரோபரில் வடக்கிலிருந்து விரட்டப்பட்ட மக்களை மன்னாரின் தெற்கே மீளக் குடியேற்றியபோது கல்லாறு காட்டுப் பகுதி அழிக்கப்பட்டது என்ற வழக்கில், அதை மீளக் காடாக்கும் செலவை முன்னாள் அமைச்சர் ரிஷாத் பதியுதீன் ஏற்க வேண்டும் என்று மேன்முறையீட்டு நீதிமன்றம் 2020 நவம்பரில் தீர்ப்பளித்தது. இருபது ஆண்டுகளுக்கு மேல் அகதி முகாமில் வாழ்ந்தவனின் ஊர் அதற்குள் காடாகிவிட்டதே, அது யார் பிழை என்று கேட்டவர்கள் பலர். கேட்டது தவறில்லை. ஒரு தீர்ப்பைப் பிழை என்று சொல்லும் உரிமை குடிமகனுக்கு உண்டு, சொல்லத்தான் வேண்டும். சொல்வதும் செய்ய மறுப்பதும் ஒன்றல்ல. நமது நாட்டில் இவ்விரண்டும் இடம் மாறிக் கிடக்கின்றன: சொன்னவன் சிறையில், செய்யாதவன் பதவியில்.

2024இல் இலங்கைப் பாராளுமன்றம் ஒருவழியாக நீதிமன்ற அவமதிப்புக்கென்று ஒரு சட்டத்தை நிறைவேற்றியது. வரைவிலக்கணம் ஒன்று வந்திருக்கின்றது என்ற அளவில் அதை வரவேற்கலாம். ஆனால் அவமதிப்பு என்பது நடந்து முடிந்த பின் தண்டிக்கும் ஏற்பாடு. நீராவியடியில் அது பயன்படவில்லை. கைதடியில் ஒரு சபையின் கடைசி நான்கு மாதங்களை அது மீட்டுத் தரவில்லை. வேண்டியது வேறு. ஒரு நீதிமன்றம் இடைக்காலக் கட்டளை பிறப்பிக்கும்போதே அதை எந்த அதிகாரி, எந்த நாளுக்குள் நிறைவேற்ற வேண்டும் என்று பெயரும் திகதியும் குறிப்பிட்டால், அது எனது வேலையல்ல, அவரது வேலை என்ற கைதடி நாடகத்துக்கு இடமிருக்காது. அந்தத் திகதியில் நிறைவேற்றியதற்கான அறிக்கையை வழக்காளி கேட்டுத் தலைகீழாக நிற்காமல் மன்றே கூப்பிட்டுக் கேட்க வேண்டும். கட்டளை மீறப்படும் இடத்தில் நின்ற பொலிஸ் அதிகாரி, தான் ஏன் தடுக்கவில்லை என்று தானே விளக்கம் கொடுக்கும் நிலை வேண்டும். இவற்றுக்குப் புதிய அரசியலமைப்புத் தேவையில்லை. நீதிபதிகளின் மனத்துணிவும் நீதிச்சேவை ஆணைக்குழுவின் பக்கபலமும் போதும். அந்தப் பக்கபலம் முல்லைத்தீவு நீதிபதிக்கு எவ்வளவு கிடைத்தது என்ற கேள்வியும் கூடவே எழுகின்றது.

அரசியல்வாதிகளிடமும் ஒன்று கேட்க வேண்டும். வடக்கு மாகாண சபை தேர்தலின்றி ஆண்டுக்கணக்காகக் கிடந்தது. தேர்தல் எப்போது வந்தாலும், முதலமைச்சர் வேட்பாளராக வருபவர் யாராயினும், 2019 ஓகஸ்ட் தீர்ப்பை வாசித்துவிட்டு வரட்டும். நீக்கும் அதிகாரம் முதலமைச்சருக்கே வேண்டும் என்று அவர் நினைத்தால், அதற்கான திருத்தத்தைத் தமது தேர்தல் விஞ்ஞாபனத்தில் எழுதி, எந்த உறுப்புரையில் எந்தச் சொல் மாற வேண்டும் என்பதையும் சொல்லட்டும். சபையில் முஸ்லிம் உறுப்பினரும் சிங்கள உறுப்பினரும் இருப்பார்கள். அவர்களில் ஒருவர் நாளை ஒரு கட்டளையோடு முதலமைச்சரின் முன் வந்து நிற்கலாம். அன்று என்ன செய்வீர்கள் என்ற கேள்வியை வாக்குக் கேட்டு வீட்டு வாசலுக்கு வருபவரிடம் வாக்காளரே கேட்கலாம்.